சம்பவத்துக்கு ஒரு நொடி பின்னால்

1998 ஜூன் 28. அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில் சிவிக் அரீனா உள்ளரங்கம். மல்யுத்த வளையத்தைச் சுற்றி 16 அடி உயரத்துக்குக் கம்பிவலைக் கூண்டு. அதன் கூரைமேல் இரண்டு பேர். ஒருவர் அண்டர்டேக்கர். இன்னொருவர் ‘மேன்கைண்ட்’ என்ற பெயரில் தோல் முகமூடி மாட்டிக்கொண்டு ஆடிய மிக் ஃபோலி. அண்டர்டேக்கர் ஃபோலியைப் பிடித்துக் கூண்டின் விளிம்பிலிருந்து கீழே எறிந்தார். ஸ்பானிஷ் மொழி வர்ணனையாளர்களின் மேசைமேல் போய் விழுந்தார் ஃபோலி. மேசை நொறுங்கியது. அதற்குப் பக்கத்தில் காதில் ஹெட்செட் மாட்டிக்கொண்டு ஆங்கில வர்ணனை செய்துகொண்டிருந்தவர் ஜிம் ராஸ்.

கூண்டின் உயரத்தில் மேசையின் உயரத்தைக் கழித்தால் ஏறக்குறைய 4 மீட்டர் மிஞ்சும். அவ்வளவு உயரத்திலிருந்து விழும் உடல் மேசையைத் தொட 0.9 நொடி எடுக்கும். தொடும்போது வேகம் மணிக்குச் சுமார் 32 கிலோமீட்டர். இது பள்ளி இயற்பியல். இனி அதே 0.9 நொடியில் ராஸின் மண்டைக்குள் என்ன நடந்திருக்கும் என்று பார்ப்போம்.

ஒரு படத்தைக் காட்டி ‘இது என்ன?’ என்று கேட்டால் வாயிலிருந்து முதல் ஒலி வர ஒருவருக்கு எவ்வளவு நேரம் ஆகும் என்று உளமொழியியலாளர்கள் பல பத்தாண்டுகளாக அளந்து வருகிறார்கள். நாற்காலி, பூனை போன்ற எளிய படங்களுக்கே சுமார் 0.6 நொடி ஆகிறது. கண் பார்த்ததை மூளை அடையாளம் காண வேண்டும். அதற்குரிய சொல்லை நினைவிலிருந்து எடுக்க வேண்டும். அந்தச் சொல்லின் ஒலிகளை வரிசைப்படுத்த வேண்டும். பிறகு நாக்கு, உதடு, தொண்டை, மூச்சு எல்லாவற்றுக்கும் கட்டளை போக வேண்டும். ஒற்றைச் சொல்லுக்கே இவ்வளவு வேலை. ஒரு முழு வாக்கியம் என்றால் இன்னும் கூடும். ஆகவே நேர்முக வர்ணனை என்பது எப்போதும் சற்று முன் முடிந்துபோன ஒன்றைப் பற்றிய பேச்சுதான். ஃபோலி விழுவதைப் பார்த்து ராஸ் வாய் திறந்தபோது ஃபோலி விழுந்து முடிந்திருப்பார்.

ஆனாலும் அந்தக் காட்சியை இன்று பார்க்கும் யாருக்கும் குரல் பிந்தி வந்ததாகத் தோன்றாது. உடலும் குரலும் சேர்ந்து விழுந்ததாகவே தோன்றும். அது எப்படி?

ராஸ் அன்று சொன்னதை வரிசையாகக் கவனித்தால் பதிலின் பாதி கிடைத்துவிடும். முதலில் ‘குட் காட் ஆல்மைட்டி!’ என்று அலறினார். அடுத்து அதையே அப்படியே இன்னொரு முறை அலறினார். அதற்குப் பிறகுதான் ஆளைக் கொன்றே விட்டார்கள் என்றார். கடவுள் சாட்சியாக, மனிதன் இரண்டாக முறிந்துவிட்டான் என்றார். முதல் இரண்டு கூச்சலிலும் செய்தி எதுவும் கிடையாது. ஆயிரம் முறை நாக்கில் புழங்கிய சொற்றொடர் அது. அதைச் சொல்ல மூளை எதையும் புதிதாகக் கட்ட வேண்டியதில்லை. எடுத்து வீசினால் போதும். வாய் அதை வீசிக்கொண்டிருந்த அந்த இரண்டு மூன்று நொடிகளில் கண்கள் ஃபோலியின் உடலைத் தேடின, மூளை அடுத்த வாக்கியத்தைத் தயார் செய்தது. புதிதாகச் செய்த அந்த வாக்கியத்திலும் அவசரத்தின் தடம் இருக்கிறது. ‘ஆஸ் காட் இஸ் மை விட்னஸ்’ என்று வரவேண்டியது ‘ஆஸ் காட் ஆஸ் மை விட்னஸ்’ என்று வந்துவிட்டது. சற்று முன் சொன்ன சிறு சொல் அடுத்த இடத்திலும் ஒட்டிக்கொண்டு வருவது நாப்பிழையை ஆராய்கிறவர்கள் நன்கறிந்த வகை. எழுதி வைத்துப் படித்தவனுக்கு இந்தப் பிழை வராது.

வேகத்தோடு பேசியே ஆகவேண்டிய தொழில்களில் இந்த உத்தி எல்லா இடத்திலும் உண்டு என்று காட்டியவர் நியூசிலாந்து மொழியியலாளர் கூன்ராட் கைப்பர். குதிரைப்பந்தய வர்ணனையாளர்களையும் ஏலம் விடுபவர்களையும் பல ஆண்டுகள் ஒலிப்பதிவு செய்து ஆராய்ந்தார். 1996இல் ‘ஸ்மூத் டாக்கர்ஸ்’ என்ற நூலாக அது வந்தது. கவனமும் நினைவும் ஒரே நேரத்தில் நிரம்பி வழியும்போது பேச்சாளன் தடுமாறுவான் என்றுதானே எதிர்பார்ப்போம்? நேர்மாறாக, குதிரைகள் பாயும்போது வர்ணனையாளரின் பேச்சு இடைவெளியே இல்லாமல் ஓடுகிறது. காரணம், அவர் தனிச்சொற்களால் பேசவில்லை. ஆயத்தத் தொடர்களால் பேசுகிறார். ஒவ்வொரு தொடரிலும் ஒரு காலி இடம் இருக்கும். அதில் குதிரையின் பெயரைப் பொருத்தினால் வாக்கியம் முடிந்தது. கிரிக்கெட் போன்ற நிதானமான ஆட்டத்தில் அவ்வளவு நெருக்கடி இல்லை. அதனால் அங்கே வர்ணனையாளர் நிறுத்தி, யோசித்து, சாதாரண மனிதர்போலப் பேசுகிறார்.

இந்தக் கருத்தின் வேர் விளையாட்டரங்கத்துக்கு வெளியே இருக்கிறது. 1930களில் மில்மன் பாரி, ஆல்பர்ட் லார்ட் என்ற இரு அமெரிக்கர்கள் யூகோஸ்லாவியாவின் கிராமங்களுக்குப் போய், எழுதப் படிக்கத் தெரியாத பாணர்கள் ஆயிரக்கணக்கான வரிகளை அங்கேயே கட்டிப் பாடுவதைப் பதிவு செய்தார்கள். பாணர்கள் மனப்பாடமாக ஒப்பிக்கவில்லை; சந்தத்துக்குப் பொருந்தும் வாய்பாட்டுத் தொடர்களைக் கோத்துக் கோத்துப் பாடினார்கள். ஹோமரின் காவியங்களும் அப்படிப் பிறந்தவை என்றார் பாரி. அதே அளவுகோலைச் சங்கப் பாடல்களுக்குப் பொருத்திப் பார்த்தவர் இலங்கைத் தமிழறிஞர் க. கைலாசபதி. அவருடைய ஆங்கில ஆய்வு 1968இல் ஆக்ஸ்ஃபோர்டு வெளியீடாக வந்தது. ஏல மேடைப் பேச்சை விளக்கக் கைப்பர் போய் நின்றதும் இதே வாய்மொழிக் கவிதைக் கோட்பாட்டிடம்தான். போர்க்களத்தைப் பாடிய பாணனுக்கும் மல்யுத்த வளையத்தின் ஓரத்தில் கூவும் மனிதருக்கும் மூளை ஒரே வழியைக் காட்டியிருக்கிறது என்பது எனக்குப் பெரிய வியப்பு. ராஸைத் தரக்குறைவாகப் பார்க்கிறவர்கள், ஒரே வசனத்தையே திரும்பத் திரும்பச் சொல்கிறார் என்று குறை சொல்வதுண்டு. அது குறையே இல்லை. அந்தத் தொழிலின் இலக்கணம் அது. மல்யுத்த வீரர் ஸ்டீவ் ஆஸ்டின் ஓடி வரும்போதெல்லாம் அவருடைய பட்டப்பெயரை ‘ஸ்டோன் கோல்ட்! ஸ்டோன் கோல்ட்! ஸ்டோன் கோல்ட்!’ என்று ராஸ் மூன்று முறை முழங்கியது கூட்டத்தையும் ஏற்றியது, அவருக்கும் அடுத்த வரிக்கு அவகாசம் வாங்கிக் கொடுத்தது.

தொண்ணூறுகளில் கேபிள் இணைப்பு வந்த நம் ஊர் வீடுகளில் அந்தக் குரலைக் கேட்காத பையன்கள் குறைவு. உயரம், எடை அச்சடித்த டபிள்யூ.டபிள்யூ.எஃப். மல்யுத்த நிறுவனச் சீட்டுகளை வைத்து விளையாடியவர்களுக்கு அண்டர்டேக்கரின் உயரம் தெரியும். குரலுக்குச் சொந்தக்காரரின் பெயர் பெரும்பாலானவர்களுக்குத் தெரியாது.

ராஸ் 1952 ஜனவரியில் பிறந்தவர். ஓக்லஹோமா மாநிலத்தின் வெஸ்ட்வில் என்ற சிற்றூரில் வளர்ந்தவர். எழுபதுகளில் அந்த வட்டாரத்தின் மல்யுத்தப் போட்டிகளை நடத்திவந்த லீராய் மெக்கர்க்கிடம் வேலைக்குச் சேர்ந்தார். நடுவராக நின்றார், மெக்கர்க்குக்குக் கார் ஓட்டினார். மெக்கர்க் சாதாரண முதலாளி அல்லர். கல்லூரி மல்யுத்தத்தில் 1931இல் தேசியச் சாம்பியன். சிறுவயதிலேயே ஒரு கண்ணை இழந்தவர். 1950இல் ஒரு கார் விபத்தில் மற்றக் கண்ணும் போயிற்று. பார்வையே இல்லாத ஒருவரின் நிழலில்தான் ராஸ் வர்ணனைத் தொழிலைக் கற்றுக்கொண்டார். தொலைக்காட்சி வர்ணனையாளர்களில் பலர், நேயர்தான் பார்க்கிறாரே என்று சோம்பலாகப் பேசுவார்கள். ராஸின் வர்ணனையை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் யார் எந்த மூலையில், யார் கை யார் கழுத்தில் என்பது புரியும். அந்தப் பழக்கத்துக்கும் அந்த முதலாளிக்கும் தொடர்பு இருக்கும் என்பது என் ஊகம்.

பிறகு பில் வாட்ஸின் மிட்-சவுத், அட்லாண்டாவின் டபிள்யூ.சி.டபிள்யூ. என்ற மல்யுத்த நிறுவனங்கள், நடுவே அட்லாண்டா ஃபால்கன்ஸ் அணிக்காக வானொலியில் அமெரிக்கக் கால்பந்து வர்ணனை. 1993 ஏப்ரலில் டபிள்யூ.டபிள்யூ.எஃப். அவருடைய முதல் நிகழ்ச்சி லாஸ் வேகாஸில் நடந்த ஒன்பதாவது ரெஸில்மேனியா. ரோமானிய அலங்காரம் என்பதால் அன்று டோகா அணிந்து உட்கார்ந்தார். அடையாளமாகிப்போன கறுப்புத் தொப்பி அதன் பிறகு வந்தது. திரைக்குப் பின்னால் இன்னொரு பொறுப்பும் அவரிடம் இருந்தது: வீரர்களைத் தேர்ந்தெடுத்து ஒப்பந்தம் செய்வது. மிக் ஃபோலியை அந்த நிறுவனத்துக்குக் கொண்டுவர வாதாடியவரே ராஸ்தான். கூண்டிலிருந்து விழுந்தது அவர் வேலைக்கு எடுத்த மனிதர். கொஞ்ச நேரத்தில் ஃபோலி மறுபடி மேலே ஏறினார். இந்த முறை கூரையின் வலைத்தகடு பிய்ந்து வளையத்துக்குள்ளேயே விழுந்தார். அது யார் திட்டத்திலும் இல்லாத விபத்து. ஃபோலி நினைவிழந்தார். உடைந்த பல் ஒன்று மூக்குத் துளைக்குள் போய் நின்றது. யாராவது இந்த ஆட்டத்தை நிறுத்துங்கள் என்று ராஸ் கேட்டது நாடகத்துக்காகக் கேட்டது இல்லை.

இங்கே ஒரு கேள்வி எழும். முடிவு முன்பே எழுதப்பட்ட மல்யுத்தத்தில் வர்ணனையாளர் எதற்கு? 1977இல் பால் கோமிஸ்கி, ஜென்னிங்ஸ் பிரையன்ட், டால்ஃப் ஸில்மன் என்ற மூவர் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். ஐஸ் ஹாக்கி ஆட்டத்தின் இரண்டு துண்டுகளை எடுத்துக்கொண்டார்கள். ஒன்றில் உண்மையாகவே முரட்டு ஆட்டம்; ஆனால் வர்ணனையாளர் அதைப் பெரிதுபடுத்தவில்லை. மற்றதில் சாதாரண ஆட்டம். வர்ணனையாளரோ முரட்டுத்தனத்தையே அழுத்தி அழுத்திச் சொன்னார். பார்த்த மாணவர்கள் எதைக் கூடுதல் முரட்டு ஆட்டம் என்றார்கள்? சாதாரண ஆட்டத்தை. காது சொன்னதைக் கண் ஒப்புக்கொண்டது. ஐந்து ஆண்டுகள் கழித்து அதே குழுவினர் டென்னிஸில் சோதித்தார்கள். ஆடும் இருவரும் பரம வைரிகள் என்று வர்ணனையில் கேட்டவர்களுக்கு அதே ஆட்டம் கூடுதல் தீவிரமாகத் தெரிந்தது, கூடுதலாகப் பிடித்தும் இருந்தது.

மல்யுத்த வர்ணனையாளர் இந்த ஆய்வுகள் வருமுன்பே இதை அறிந்து வைத்திருந்தார். வளையத்துக்குள் இருவர் ஒருவரையொருவர் காயப்படுத்தாமல் பார்த்துக்கொண்டே சண்டையிடுகிறார்கள். வலியைக் கொண்டுவந்து சேர்ப்பது குரலின் வேலை. அதனால்தான் வர்ணனை மேசையில் இருவர் உட்கார்கிறார்கள். ஒருவர் நடப்பதைச் சொல்பவர். மற்றவர் கருத்துச் சொல்பவர். ராஸின் பக்கத்தில் இருந்த ஜெரி லாலர் வில்லன்களுக்காக வாதாடுவார், ராஸ் கொதிப்பார். சண்டை இரண்டு இடங்களில் நடக்கும். லாலர் பேசும் அந்தச் சில நொடிகளில் ராஸ் மூச்சு வாங்கிக்கொள்வார்.

முடிவு தெரியாத சண்டைகளில் வர்ணனையாளருக்கு வேறு ஒரு வரம் கிடைக்கிறது. 2018 டிசம்பர் 1, லாஸ் ஏஞ்சல்ஸ். டியான்டே வைல்டர் – டைசன் ஃபியூரி குத்துச்சண்டை, 12ஆவது சுற்று. வைல்டரின் குத்தில் ஃபியூரி மல்லாந்து விழுந்து அசையாமல் கிடந்தார். கனடாக்காரரான மௌரோ ரனாலோ அன்று வர்ணனை. 16 வயதில் உள்ளூர் மல்யுத்த நிகழ்ச்சியில் தொடங்கி, ஜப்பானின் பிரைடு கலப்புத் தற்காப்புச் சண்டைகள், குத்துச்சண்டை, மறுபடி மல்யுத்தம் என்று எல்லா வளையங்களிலும் பேசியவர். குத்து விழ நொடியில் ஒரு சிறு பங்கு போதும். அதை எந்த நாக்காலும் பிடிக்க முடியாது. ஆனால் நடுவர் பத்து எண்ணுகிறார். அந்தப் பத்தில் காலம் வர்ணனையாளர் கைக்கு வருகிறது. ஃபியூரி எழுந்தார், ரனாலோவின் குரல் நம்ப முடியாமல் உடைந்து மேலேறியது. ஆட்டம் டிராவில் முடிந்தது. மனச்சோர்வோடு போராடியதை ஃபியூரி வெளிப்படையாகப் பேசியவர். ரனாலோவும் தனக்கு இருமுனை மனநோய் இருப்பதை மறைக்காதவர். அதைப் பற்றிய ஆவணப்படம் அதே 2018இல்தான் வந்தது. அந்தக் குரலில் கேட்ட நடுக்கத்துக்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்றே நினைக்கிறேன்.

வர்ணனையாளரின் காதும் சும்மா இருப்பதில்லை. இரைச்சலில் பேசும்போது நாம் அறியாமலே குரலை உயர்த்துகிறோம். 1911இல் இதைப் பதிவு செய்த பிரெஞ்சு மருத்துவர் எத்தியென் லொம்பாரின் பெயரில் ‘லொம்பார்ட் விளைவு’ என்கிறார்கள். குரல் பெரிதாவதோடு சுருதியும் ஏறும், உயிரொலிகள் நீளும். ஆயிரக்கணக்கானோர் கத்தும் அரங்கில் மூன்று மணி நேரம் இப்படிப் பேசினால் குரல்நாண்கள் தாங்காது. ஹெட்செட்டில் தன் குரலைத் தானே கேட்க முடிவதால்தான் அடக்கிப் பேச முடிகிறது. ஆனால் அதே ஹெட்செட்டில் தயாரிப்பாளரின் கட்டளைகளும் வரும். டபிள்யூ.டபிள்யூ.எஃப். முதலாளியாக இருந்த வின்ஸ் மெக்மஹன் ஒளிபரப்பின் நடுவே வர்ணனையாளர்களின் காதில் ஓயாமல் பேசுவதற்குப் பேர்போனவர். வாய் ஒன்றைச் சொல்ல, காது வேறொன்றைக் கேட்க, கண் மூன்றாவதைப் பார்க்க வேண்டும். இதற்கு நெருங்கிய உழைப்பு என்றால் மாநாடுகளில் உடனுக்குடன் மொழிபெயர்ப்பவர்களுடையதுதான். அவர்கள் அரை மணி நேரத்துக்கு ஒருமுறை ஆள் மாற்றிக்கொள்வார்கள்.

இனி ராஸுக்கு நேர்ந்ததைச் சொல்ல வேண்டும். 1994 தொடக்கத்தில், 42 வயதில், அவர் முகத்தின் ஒரு பக்கம் செயலிழந்தது. பெல்ஸ் பால்சி. நம்மூரில் முகவாதம் என்பார்கள். 1998 டிசம்பரில் லண்டனில் ஒரு நிகழ்ச்சியின் நடுவே இரண்டாம் முறை வந்தது.

முகத்தசைகளை இயக்குவது ஏழாவது மூளை நரம்பு. மூளைத்தண்டிலிருந்து புறப்பட்டு, காதுக்குள் இருக்கும் எலும்பில் வளைந்து வளைந்து போகும் ஒரு குறுகிய குழாய் வழியாக அது முகத்துக்கு வருகிறது. அந்தக் குழாயின் மிகக் குறுகிய இடம் ஒரு மில்லிமீட்டர்கூட இல்லை. வைரஸ் தொற்று காரணமாக இருக்கலாம் என்று கருதப்படுகிறது. எப்படியோ நரம்பு வீங்குகிறது. சுற்றிலும் எலும்பு. விரிய இடமில்லை. நரம்பு நசுங்குகிறது. சில மணி நேரத்தில் அந்தப் பக்கப் புருவம் ஏறாது, கண் மூடாது, வாய்க்கோடி தொங்கும். முதல் மூன்று நாளுக்குள் ஸ்டீராய்டு தொடங்கினால் குணமாகும் வாய்ப்பு கூடும். பெரும்பாலானோர் சில வாரங்களிலிருந்து சில மாதங்களுக்குள் மீண்டுவிடுகிறார்கள்.

அதே நரம்பின் ஒரு கிளை காதுக்குள் போகிறது. அங்கவடி எலும்பைப் பிடித்திருக்கும் ஒரு தசையை அது இயக்குகிறது. நம் உடலின் மிகச்சிறிய எலும்போடு ஒட்டிய மிகச்சிறிய தசை. பெருஞ்சத்தம் கேட்டால் அது சுருங்கி எலும்பின் அதிர்வை மட்டுப்படுத்தும். நாம் வாய் திறந்து பேசப் போகும்போதும், நம் குரல் நம்மையே செவிடாக்காமல் இருக்க, முன்கூட்டியே சுருங்கும். நரம்பு படுத்துவிட்டால் இந்தக் காவலும் போய்விடும். அதனால்தான் முகவாதக்காரர்கள் சிலருக்குச் சாதாரண ஒலியே காதைப் பிளக்கும். மல்யுத்த அரங்கத்தில் உட்கார்ந்து பிழைக்கும் ஒருவரின் தொழிலுக்கு வேண்டிய இத்தனையும் அந்த ஒரே நரம்பில் ஓடுகிறது.

ஆனால் குரல் அதில் ஓடவில்லை. குரல்நாண்களை அசைப்பது பத்தாவது மூளை நரம்பான வேகஸ், நாக்குக்குப் பன்னிரண்டாவது. அதனால் முகம் ஒரு பக்கம் சரிந்தாலும் தொண்டையின் கர்ஜனை அப்படியே இருக்கும். போவது உதட்டு ஒலிகள்தான். உதடு ஒட்டிச் சொல்லும் ப, ம. பல்லும் உதடும் சேரும் வ, ஃப. ஒரு வாய்க்கோடியை விரலால் இழுத்துப் பிடித்துக்கொண்டு ‘மெக்மஹன்’ என்று சொல்லிப் பாருங்கள். காற்று பக்கவாட்டில் ஒழுகும். ‘அண்டர்டேக்கர்’ என்று சொல்லுங்கள், சேதமில்லாமல் வரும்.

தொலைக்காட்சிக்கு முகம் வேண்டும். ராஸ் விலகியிருக்க, அவர் இடத்தில் இளைஞரான மைக்கேல் கோல் உட்கார்ந்தார். மூன்றரை மாதம் கழித்து, 1999 மார்ச் 28, ஃபிலடெல்ஃபியாவில் பதினைந்தாவது ரெஸில்மேனியா. மற்ற ஆட்டங்களை எல்லாம் கோல் பேசி முடித்தபின், கடைசிப் பெரிய ஆட்டத்துக்கு மட்டும் ராஸ் நடந்து வந்து அமர்ந்தார். ஆஸ்டினும் ராக் என்ற வீரரும் மோதிய ஆட்டம். ‘ராக்’, ‘ஆஸ்டின்’, ‘ஸ்டோன் கோல்ட்’ – எதிலும் உதடு ஒட்டும் மெய்யெழுத்தே கிடையாது. யாரும் இதை யோசித்து ஏற்பாடு செய்திருக்க மாட்டார்கள். முழுதும் ஆறாத ஒரு வாய்க்கு அதைவிட வசதியான இரண்டு பெயர்கள் அந்த நிறுவனத்தில் தேடினாலும் கிடைத்திருக்காது. ஆட்டத்தின் கடைசியில் மெக்மஹனும், நடுவராக ஓடிவந்த மேன்கைண்டும் குறுக்கிட்டார்கள். இரண்டு பெயரும் ‘ம’வில்தான் தொடங்குகின்றன. அவற்றையும் சேர்த்தே ராஸ் முழங்கி முடித்தார்.

முகவாதம் ஒருமுறை வந்தவர்களில் பத்தில் ஒருவருக்கும் குறைவானவர்களுக்கே திரும்ப வரும். ராஸுக்கு 2009 அக்டோபரில் மூன்றாம் முறை வந்தது. அதற்குள் அவர் பெயர் அந்த நிறுவனத்தின் ஹால் ஆஃப் ஃபேமில் ஏறியிருந்தது. பிறகு ஜப்பானிய மல்யுத்தத்துக்கு ஆங்கில வர்ணனை செய்தார். கலப்புத் தற்காப்புச் சண்டைகளுக்கும் பேசிப் பார்த்தார். 2019 மே மாதம் ஏ.இ.டபிள்யூ. என்ற புதிய நிறுவனம் லாஸ் வேகாஸில் தன் முதல் நிகழ்ச்சியை நடத்தியபோது அவருக்கு வயது 67. வயதாக ஆக ஒரு சொல்லை நினைவிலிருந்து எடுக்கக் கூடுதல் நேரம் பிடிக்கும். புதிய இளம் வீரர்கள் முன்னைவிட வேகமாகத் தாவுகிறார்கள். பெயர்களை அவர் சில நேரம் தவறவிட்டார். ஐம்பது ஆண்டு புழங்கிய தொடர்கள் மட்டும் தேட வேண்டிய அவசியமே இல்லாமல், அதே ஓக்லஹோமா உச்சரிப்பில், நேரத்துக்கு வந்து விழுந்தன.